இனந்தெரியாத முதலாளிகளை யார் தேடிப் போவது?

ஆறு மாதமாக ஒரு துப்பறியும் நாவல் என் மேசையில் அரைகுறையாகக் கிடக்கிறது. கதையைச் சொல்ல இரண்டு நிமிடம் போதும். திருகோணமலையில் நாலு பணக்காரர்கள். ஒருவருக்கு நிலாவெளிப் பக்கம் ஹோட்டல். ஒருவர் மீன் ஏற்றுமதி. ஒருவர் இருபது வருடம் வெளிநாட்டில் இருந்துவிட்டுத் திரும்பி, இப்போது காணி வாங்கி விற்கிறார். நாலாமவர் ரோட்டுக் கொந்தராத்து. வழக்கில் தப்பிய ஆட்களைத் தேடிப் பிடித்து இவர்களே தண்டிக்கிறார்கள். மூன்று உயிர் போய்விட்டது. நாலாவது போகுமுன் பிடிக்க வேண்டும்.

பிடிப்பது யார் என்ற இடத்தில் கதை நின்றுவிட்டது. ஊர்ப் பொலிஸ் நிலையத்து எஸ்.ஐ. ஒருவரா? கொழும்பிலிருந்து வரும் சி.ஐ.டி. குழுவா? பொலிஸே வேண்டாம், ஒரு பத்திரிகையாளரோ டொக்டரோ போதுமா? அல்லது தேடுபவரையே பின்னுக்குத் தள்ளிவிட்டு, அந்த நாலு பேரின் வாயால் கதையைச் சொல்லிவிடலாமா? நாலு வழியிலும் கொஞ்சம் கொஞ்சம் எழுதிப் பார்த்தேன். நீதிமன்றத்தில் எழுதுவினைஞராக இருந்து ஓய்வுபெற்றவன் என்பதால், எதையும் இரண்டு பிரதி எடுத்துப் பக்கத்தில் பக்கம் வைத்துப் பார்க்கிற பழக்கம் இன்னும் போகவில்லை.

கடைசி வழியிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் என் கூட்டாளிகள் எல்லோருக்கும் பிடித்தது அதுதான். பின்னேரம் கடற்கரையில் பிளேன்டீ குடித்துக்கொண்டு கதையைச் சொன்னபோது, ஒருவரும் "யார் செத்தது?" என்று கேட்கவில்லை. "மச்சான், அந்த நாலு பேரும் பிடிபடக்கூடாது. பிடிபட்டால் நான் வாசிக்க மாட்டேன்" என்றார் ஒருவர். மற்றவர்கள் தலையாட்டினார்கள்.

அவர்களைக் குறை சொல்ல முடியாது. நாங்கள் இருந்த இடத்திலிருந்து சற்று நடந்தால் காந்தி சிலை. 2006 ஜனவரி 2ஆம் திகதி மாலை அந்தக் கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். அந்த வழக்கில் சந்தேகநபர்களாக இருந்த 13 பேரும், சாட்சியம் போதாதென்று 2019 ஜூலையில் இதே ஊர் நீதிமன்றத்தில் விடுவிக்கப்பட்டார்கள். 1996 பெப்ரவரியில் மூதூர்ப் பக்கம் குமாரபுரத்தில் நடந்த படுகொலையின் வழக்கு, இருபது வருடம் கழித்து அனுராதபுரம் மேல் நீதிமன்றத்தில் ஜூரி முன் முடிந்தது. குற்றஞ்சாட்டப்பட்டு எதிரிகளாக நின்ற ஆறு இராணுவத்தினரும் விடுதலை. இதையெல்லாம் பேப்பரில் படித்து, மடித்து வைத்துவிட்டுச் சோறு தின்ற ஊர் இது. "சட்டம் செய்யாததை நாலு பேர் செய்தார்கள்" என்ற கதைக்கு இங்கே ஆள் சேர்க்கத் தேவையில்லை. வாசகன் ஏற்கனவே சேர்ந்துதான் வருகிறான்.

எழுதுபவனுக்கு இது வசதி போலத் தெரியும். உண்மையில் இதுதான் ஆபத்து. எட்கர் வாலஸ் 1905இல் எழுதிய 'த ஃபோர் ஜஸ்ட் மென்' இந்த வகைக் கதைகளுக்கு ஒரு தாத்தா. பணமும் படிப்பும் உள்ள மூவர், நாலாவதாக ஒரு குற்றவாளியையும் சேர்த்துக்கொண்டு, தாங்களே நீதிபதியாகி ஒரு பிரித்தானிய அமைச்சருக்குத் தவணை வைத்துக் கொல்கிறார்கள். லண்டன் பொலிஸ் முழுவதும் சுற்றி நிற்க, பூட்டிய அறைக்குள் அவர் சாகிறார். நாலில் மூவர் தப்பிவிடுகிறார்கள். கொலை எப்படி நடந்தது என்று கண்டுபிடிப்பவர்களுக்கு 500 பவுண் பரிசு என்று வாலஸ் அறிவித்தார். எத்தனை பேருக்கு என்று வரையறுக்க மறந்துவிட்டார். சரியான விடைகள் குவிந்தன. கொலைகாரர் தப்பினார்கள், ஆசிரியர் கடனில் மாட்டினார். அந்தக் கதையில் கொலைகாரர் பக்கம் வாசகனை இழுத்துக்கொண்டுவர வாலஸுக்கு எவ்வளவோ பாடு. எனக்கு அந்தப் பாடு இல்லை. பாடு இல்லாமல் கிடைக்கிற அனுதாபத்தை வைத்து என்ன செய்வது என்பதுதான் என் கேள்வி.

நாற்பது பக்கம் அந்த நாலு பேரின் வாயால் எழுதினேன். சாப்பாட்டு மேசைக் காட்சிகள் அருமையாக வந்தன. ஹோட்டல்காரர் சிங்களவர், மீன் ஏற்றுமதி முஸ்லிம், காணிக்காரரும் கொந்தராத்துக்காரரும் தமிழர். இந்த ஊரில் மூன்று இனமும் ஒரே மேசையில் இருந்து மனம்விட்டுக் கதைக்க நல்ல வங்கிக் கணக்கு வேண்டும் என்று ஒரு வசனம் எழுதி, நானே சிரித்தேன். ஆனால் நாற்பதாம் பக்கத்தில் பார்த்தால், நாலு பேருக்கும் குரல், நகைச்சுவை, பிள்ளை குட்டி எல்லாம் இருக்கிறது. செத்த மூன்று பேருக்கும் பெயர் மட்டும்தான் இருக்கிறது.

இன்னொன்று. எங்கள் பத்திரிகைகளில் வருடக்கணக்காக வந்த ஒரு சொல் உண்டு: இனந்தெரியாதோர். இனந்தெரியாதோரால் சுட்டுக்கொலை, இனந்தெரியாதோரால் கடத்தல். இரவு, இலக்கத்தகடு இல்லாத வாகனம், முகம் தெரியாத ஆட்கள். செத்தவனின் வீட்டு வாசலில் நின்று பார்த்தால், என் நாலு முதலாளிமாரும் அச்சொட்டாக அப்படித்தான் தெரிகிறார்கள். ஆள் கடத்தும் வெள்ளை வான் வண்டிக்குப் பதில் விலை கூடிய கறுப்பு ஜீப், அவ்வளவுதான் வித்தியாசம். வாசலில் இருந்து பார்க்காமல் ஜீப்புக்குள் இருந்து பார்த்தால் மட்டுமே அது வேறு கதை. அந்த இடத்தில் என்னால் இருக்க முடியவில்லை. நாற்பது பக்கத்தையும் தனியே ஒரு பைலில் போட்டுக் கட்டி வைத்தேன். சாப்பாட்டு மேசையில் ஒன்றிரண்டை மட்டும் திரும்ப எடுப்பேன், அது வேறு விசயம்.

சரி, தேடுபவர் வேண்டும். சி.ஐ.டி.யைப் பார்ப்போம்.

சி.ஐ.டி. குழு வந்தால் எழுதுவதற்குப் பெரிய வசதி. பணக்காரன் செய்யும் கொலைக்குப் பணத்தின் அடிச்சுவடு இருக்கும், அதைத் தொடர ஆட்களும் அதிகாரமும் வேண்டும். 2006ஆம் ஆண்டின் நிதிக் கொடுக்கல்வாங்கல் அறிக்கையிடல் சட்டத்தின்படி, 10 இலட்சம் ரூபாவும் அதற்கு மேலும் ரொக்கமாகக் கைமாறினால் வங்கி அதை மத்திய வங்கியின் நிதியியல் உளவறிதல் பிரிவுக்கு அறிவிக்க வேண்டும். இதை வைத்தே ஓர் அத்தியாயம் கட்டலாம். ஒவ்வொரு கொலைக்கும் இரண்டு கிழமைக்கு முன் ஒரே கணக்கிலிருந்து ஒன்பது இலட்சத்து எண்பதாயிரம் எடுக்கப்பட்டிருக்கிறது. பத்துக்குக் கீழே நின்றால் கண்ணில் படாது என்று நினைத்தவன், மூன்று தடவையும் ஒரே இடத்தில் நின்றதால் கண்ணில் படுகிறான். கெட்டிக்காரனின் பிழை இப்படித்தான் இருக்கும். போன் கோபுரப் பதிவுகள், சிம் மாற்றிய நேரங்கள், விமான நிலையப் பதிவு என்று எல்லாம் கொழும்பில் இருந்துகொண்டே கிடைக்கும்.

கெடுவது அவர்கள் ஊருக்குள் இறங்கியவுடன். இரவு தபால் ரயிலில் வந்து விடிய இறங்குகிறார்கள் என்று எழுதினேன். நல்ல தொடக்கம். முப்பதாம் பக்கத்துக்குள் கோணேசர் கோயில், கன்னியாவின் ஏழு வெந்நீர்க் கிணறு, புறாமலை எல்லாம் வந்துவிட்டன. பஸ் நிலையத்தருகே குப்பையில் காகிதம் தின்றுகொண்டு நின்ற புள்ளிமானைக் கண்டதும், என் துப்பறிவாளர் போனை எடுத்துப் படம் பிடிக்கிறார். ஊர்க்காரன் மானைக் கண்டால் மரக்கறிப் பையை மற்றக் கைக்கு மாற்றுவான். வெளியாள் கண்ணால் சொன்னால் ஊர் ஒரு சுற்றுலாப் புத்தகம் ஆகிவிடுகிறது.

அதைக்கூடத் திருத்தலாம். திருத்த முடியாதது ஒன்று உண்டு: அவர்கள் திரும்பிப் போகிறவர்கள். கொழும்பு 260 கிலோமீற்றர் அளவு தூரம். ரயில் இருக்கிறது, வீடு இருக்கிறது. முதலாளி பயப்படுவது திரும்பிப் போகிறவனுக்கு அல்ல. அவனுக்கு நல்ல அறை கொடுத்து, நண்டுக் கறி வைத்து, வழியனுப்பி விடலாம். உண்மையில் அந்தக் காட்சியை எழுதினேன். சி.ஐ.டி. தங்கும் ஹோட்டல், தேடப்படுபவரின் ஹோட்டல். இந்த வழியில் எனக்குப் பிடித்த ஒரே காட்சி அதுதான்.

பத்திரிகையாளர் என்ற வழியை நான் நீண்ட நேரம் யோசிக்கவில்லை. பொலிஸுக்குப் போகமுடியாத இடத்துக்கெல்லாம் பத்திரிகையாளர் போகலாம், ஆட்கள் கதைப்பார்கள், மேலதிகாரி கிடையாது. கதைக்கு எல்லாம் நல்லதுதான். ஆனால் அந்த ஐந்து மாணவர்களும் கிட்டத்தில் வைத்துச் சுடப்பட்டார்கள் என்பதைப் படமெடுத்து வெளியே கொண்டுவந்தவர் 'சுடர் ஒளி' செய்தியாளர் சுகிர்தராஜன். அதே ஜனவரி 24ஆம் திகதி காலை, பஸ்ஸுக்காக நின்ற இடத்தில் அவரும் சுட்டுக் கொல்லப்பட்டார். இந்த ஊரில் ஒரு பத்திரிகையாளரைக் கொலைகாரர் பின்னால் ஓடவிட்டு, கடைசிப் பக்கத்தில் வெற்றிச் சிரிப்போடு நிறுத்த என் கை வராது. நிறுத்தாமல் விட்டால் அது அவருடைய கதை, என்னுடைய நாவல் அல்ல.

சட்ட வைத்திய அதிகாரி ஓர் அத்தியாயத்துக்கு நல்லவர். உடலைப் பார்ப்பார், காயத்தைப் பார்ப்பார், இரைப்பையில் இருந்ததைப் போத்தலில் அடைத்துப் பத்தரமுல்லைக்கு, அரச இரசாயனப் பகுப்பாய்வாளருக்கு அனுப்புவார். பிறகு பதிலுக்குக் காத்திருப்பார். காத்திருக்கிறவரை வைத்து விறுவிறுப்பு வராது.

நீதிமன்ற மொழிபெயர்ப்பாளரை, எங்கள் வழக்கில் முதலியாரை, கதாநாயகன் ஆக்கலாமா என்றும் ஓர் இரவு முழுக்க யோசித்தேன். விடிந்தபோது விளங்கியது, அது வேட்டி மாற்றிய நான்தான். விட்டுவிட்டேன்.

மிஞ்சியது ஊர்ப் பொலிஸ் நிலையத்து எஸ்.ஐ. நான் கடைசியாக யோசித்ததும் இதைத்தான், ஏனென்றால் இது எல்லாவற்றிலும் கஷ்டமான வழி.

அவள் மூதூர்க்காரி. மூதூர்ப் பக்கத்தைத் தரைவழியாகத் திருகோணமலையோடு இணைக்கும் கிண்ணியாப் பாலம் 2009இல்தான் திறந்தது. அதற்கு முந்திய காலத்தில் லோஞ்சில் துறைமுகக் குடாவைக் கடந்து படிக்க வந்தவள். கடல் தெரியும், கடலோரத்து ஆட்களைத் தெரியும். பெயர் இன்னும் வைக்கவில்லை. எங்கள் நாட்டில் பெயர் வைத்ததும் இனம் தெரிந்துவிடும். கொஞ்சக் காலம் அவளும் இனந்தெரியாதவளாகவே இருக்கட்டும்.

சி.ஐ.டி.க்குக் கிடைக்காத ஒன்று அவளுக்கு முதல் நாளே கிடைக்கிறது. இரண்டாவது உடல் திருக்கடலூர்ப் பக்கம் கரையொதுங்குகிறது, காலில் கயிறு. பொலிஸ் படமெடுத்து, கயிற்றை அறுத்து, பையில் போட ஆயத்தம். அவள் அறுக்க விடவில்லை. பக்கத்தில் வலை பொத்திக்கொண்டிருந்த கிழவரைக் கூப்பிட்டாள். அவர் குந்தியிருந்து, தொடாமல், தலையைச் சரித்துச் சரித்துப் பார்த்தார்.

"உது எங்கட ஆக்கள் போட்ட முடிச்சில்லைப் பிள்ளை."

"எப்படிச் சொல்லுறீங்கள் அப்பு?"

"முடிச்சுக்கு மேல முடிச்சுப் போட்டுக் கிடக்கு. நனைஞ்சா அவிழ்க்கேலாது. கடல்ல நிக்கிறவன் அவிழ்க்கேலாத முடிச்சுப் போடமாட்டான். அவனுக்கு விடியமுன்னம் அந்தக் கயிறு திரும்ப வேணும்."

கயிறு திரும்ப வேண்டாதவன். ஒரு கயிற்றை ஒரே தரம் பாவித்து எறிகிற வசதி உள்ளவன். அவள் கொப்பியில் எழுதிக்கொண்டாள். அப்புறம் கிழவர் தானாகவே இன்னொன்றும் சொன்னார். இரண்டு நாளைக்கு முன் சாமத்தில் ஒரு படகு போனது, சத்தமே இல்லை என்று. எங்கள் சிறு படகுகளில் மண்ணெண்ணெய் எஞ்சின், அரை மைலுக்கு இரையும். யாருடைய எஞ்சின் என்று படுத்திருந்தே சொல்லுவார்கள். சத்தமில்லாமல் ஓடுவது ஃபோர் ஸ்ட்ரோக். அது விடுமுறைக்கு வருகிறவர்களை ஏற்றுகிற, மெத்தை போட்ட படகுகளில் இருக்கும். ஒரு வங்கிக் கணக்கும் பார்க்காமல், கரையில் நின்றபடியே அவள் நிலாவெளி வரை போய்விட்டாள்.

இந்தக் காட்சியை எழுதிய அன்றே பாதி முடிவு எடுத்தாயிற்று என்று சொல்லலாம். ஆனாலும் எதிர்ப்பக்கத்தையும் சொல்ல வேண்டும்.

அவளுக்கு அதிகாரம் இல்லை. மேலே பொறுப்பதிகாரி, அவருக்கு மேலே உதவிப் பொலிஸ் அத்தியட்சகர், அவருக்கு மேலே போனில் கதைக்கத் தெரிந்த முதலாளிகள். துப்பாக்கியை விடப் பயங்கரமான ஆயுதம் எங்கள் நாட்டில் இடமாற்றக் கடிதம். சி.ஐ.டி. கதாநாயகனை எங்கே மாற்றுவது? அவளை ஒரே நாளில் மொனராகலைக்கு அனுப்பலாம். இது குறை என்று முதலில் எழுதி வைத்தேன், பிறகு வெட்டினேன். குறை இல்லை, இதுதான் கதையின் கடிகாரம். கடிதம் வருமுன் முடிக்க வேண்டும்.

அடுத்தது சட்டம். சினிமாவில் கடைசியில் கொலைகாரன் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்வான், பொலிஸ் விலங்கு மாட்டும், முடிந்தது. எங்கள் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 25ஆம் பிரிவின்படி, பொலிஸ் உத்தியோகத்தரிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் எதிரிக்கு எதிராகச் செல்லாது. நீதவான் முன் தானாகக் கொடுத்தால்தான் பெறுமதி. பிடித்த ஆளைப் பொதுவாக 24 மணித்தியாலத்துக்குள் நீதவானிடம் முற்படுத்த வேண்டும். ஹோட்டல்காரர் இரவு முழுக்க அவளிடம் எல்லாவற்றையும் பெருமையாகச் சொல்லிவிட்டு, விடிய கோட்டு போட்ட லோயருடன் வந்து "நான் ஒன்றும் சொல்லவில்லை" என்று நிற்கலாம். சட்டம் தெரிந்த பணக்காரன் அப்படித்தான் விளையாடுவான். பெருமை பேசுவதற்குப் பொலிஸ் நிலையத்தை விடப் பாதுகாப்பான இடம் அவனுக்கு இல்லை.

ஆனால் 27ஆம் பிரிவு என்று ஒன்று இருக்கிறது. ஒருவன் சொன்னதை வைத்து ஒரு பொருள் கண்டுபிடிக்கப்பட்டால், அந்தக் கண்டுபிடிப்போடு தொடர்புள்ள அளவுக்கு மட்டும் அவன் சொன்னது சாட்சியமாகும். எத்தனை வழக்கில் அந்த ஒரு வரியை நான் தட்டச்சு செய்திருப்பேன். ஆகவே அவளுக்கு ஒப்புதல் தேவையில்லை, மீதிக் கயிறு தேவை. ஒரே சுருளில் இருந்து மூன்று துண்டு வெட்டப்பட்டிருக்கிறது, நாலாவது துண்டு எங்கோ இருக்கிறது. பெருமை பேச விட்டு, பெருமைக்குள் கயிறு இருக்கிற இடத்தை வரவைக்க வேண்டும். விசாரணைக் காட்சி முழுவதும் இந்த ஒன்றின் மேல்தான் நிற்கிறது. இதை சி.ஐ.டி. அதிகாரியும் செய்யலாம், ஆனால் கயிற்றைப் பற்றிக் கதைக்கத் தெரிந்தவள் இவள்தான்.

கொலையைக் கூலிக்கு ஆள் வைத்துச் செய்கிறார்களா, தாங்களே செய்கிறார்களா என்ற ஒரு சின்ன ஒப்பீடும் இதற்குள் வருகிறது. கூலி என்றால் நடைமுறைக்கு நெருக்கம். ஆனால் அப்போது அவர்கள் வெறும் கொந்தராத்து கொடுப்பவர்கள், நாலாமவருக்கு அது தினசரித் தொழில். முடிச்சுப் போடத் தெரியாத கை, தானே முடிச்சுப் போட வருகிறது என்பதில்தான் எனக்கு ருசி. தாங்களே செய்யட்டும்.

ஏன் செய்கிறார்கள்? மரண தண்டனைத் தீர்ப்பு வாசிக்கும் நாளில் மேல் நீதிமன்றத்தில் இருந்தவர்களுக்குத் தெரியும். விளக்குகளை அணைப்பார்கள், மின்விசிறிகள் நிற்கும். வியர்த்து வடிய எல்லோரும் எழுந்து நிற்போம். நீதிபதி வாசித்து முடித்ததும் பேனையின் முனையை முறிப்பார். ஆனால் இந்த நாட்டில் 1976க்குப் பிறகு ஒருவரும் தூக்கில் போடப்படவில்லை. முனை முறிந்த பேனையும் போகவில்லை, போகவேண்டியவனும் போகவில்லை என்று காணிக்காரர் சாப்பாட்டு மேசையில் சொல்கிறார். கட்டி வைத்த பைலிலிருந்து நான் திரும்ப எடுத்த வசனம் அதுதான். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது போலவே இருக்க வேண்டும், இல்லாவிட்டால் அவளுக்கு எதிரே நிற்க ஆள் இல்லை.

இடமும் காலமும் சீக்கிரம் முடிந்தன. சுற்றுலா சீசனா, வாடைக்காற்றுக் காலமா என்றால் வாடை. மே முதல் செப்டம்பர் வரை உப்புவெளியும் நிலாவெளியும் வெள்ளைக்காரரால் நிரம்பியிருக்கும், ஒரு பிணத்தை மறைக்க இடம் கிடையாது. நவம்பரில் கடல் கொந்தளிக்கும், கதவுகளில் உப்புப் படியும், நூறு அறை ஹோட்டலில் இரண்டு அறையில் விளக்கு எரியும். அப்படியான கட்டடத்துக்குள் நடந்து பார்த்தவருக்கு வேறு பயமுறுத்தல் வேண்டாம்.

கொலைக்கு இராவணன் வெட்டைச் சொல்லாத கூட்டாளி இல்லை. பாறை, கீழே கடல், மேலே கோயில், எல்லாம் சரிதான். ஆனால் அங்கே போக பிரெட்ரிக் கோட்டைக்குள்ளால் போக வேண்டும், கோட்டைக்குள் இராணுவம். பிணத்தோடு இராணுவ முகாமுக்குள்ளால் போகிற கொலைகாரனைத் துப்பறிந்து பிடிக்கத் தேவையில்லை, வாசலிலேயே பிடித்துவிடுவார்கள். சீனன்குடா எண்ணெய்த் தாங்கிகளையும் பார்த்தேன். வெள்ளைக்காரன் கட்டியவற்றில் 99 மிஞ்சியிருக்கின்றன, மேல்பக்கத்தில் காடு மூடிக் கிடப்பவையும் உண்டு. மறைப்பதற்குத் தோது. ஆனால் இந்தியா, இலங்கை, எண்ணெய் ஒப்பந்தம் என்று கதை வேறு பக்கம் இழுபடும். 2022 ஒப்பந்தத்தில் எத்தனை தாங்கி யாருக்கு என்று விளக்கி முடிக்கவே ஓர் அத்தியாயம் போய்விடும். வேண்டாம். கடல் போதும்.

இவ்வளவும் சரி என்றாலும், எஸ்.ஐ.யா சி.ஐ.டி.யா என்பது கடைசிவரை தராசில் சமமாகவே ஆடிக்கொண்டிருந்தது. முடிவை எடுக்க வைத்தது மூன்றாவது பிணம்.

முதலாவது ஆள் போதைத்தூள் வியாபாரி. இரண்டாவது, வெளிநாட்டுக்கு அனுப்புகிறேன் என்று இளைஞர்களின் காசை விழுங்கியவன். மூன்றாவது, ஒரு கொள்ளைக் கொலை வழக்கில் விடுதலையான, கட்டட வேலை செய்யும் மேசன். நாலு பேரின் பட்டியலில் மூவரும் ஒரே மாதிரி, "தப்பியவர்கள்". நீதிமன்றத்தில் என் காலம் முழுக்க இருந்து பார்த்தவன் சொல்கிறேன், விடுதலையானவர்களில் உண்மையிலேயே ஒன்றும் செய்யாதவர்களும் இருந்தார்கள். வெளியே நிற்கிறவர்களுக்கு அந்த வித்தியாசம் தெரியாது. தெரிந்துகொள்ள அவர்களுக்குப் பொறுமையும் இல்லை. மேசன் ஒன்றும் செய்யவில்லை.

அப்படியென்றால் அவன் பெயர் வழக்கில் எப்படி வந்தது? ஒரு பெண்ணின் வாக்குமூலத்தால். இருட்டில் ஓடிய ஆளை "அவனைக் கண்டமாதிரிக் கிடக்கு" என்று அவள் சொன்னாள். பொலிஸ் புத்தகத்தில் சிங்களத்தில் எழுதப்பட்டபோது அந்த "மாதிரி" விழுந்துபோயிற்று. கண்டேன் என்று ஆகிவிட்டது. வாசிக்கத் தெரியாத மொழியில் எழுதியதன் கீழே அவள் கையெழுத்து வைத்தாள். மேல் நீதிமன்றத்தில் குறுக்கு விசாரணையில் அது உடைந்தது, மேசன் விடுதலையானான். ஆனால் ஊரில் அவன் தப்பியவன் ஆகிவிட்டான். பட்டியலில் ஏறிவிட்டான்.

அந்த வாக்குமூலத்தை எழுதியவர் யார் என்று சி.ஐ.டி. வழியில் வைத்துப் பார்த்தேன். யாரோ ஒரு உத்தியோகத்தர், பெயர் ஒரு வரியில் வந்து போகிறது. ஊர் எஸ்.ஐ. வழியில் வைத்துப் பார்த்தேன். அப்போது பயிற்சி முடித்துப் புதிதாக வந்தவள், இரண்டு மொழியும் தெரியும் என்று மேசையில் இருத்தப்பட்டவள், நேரம் போகிறது கெதியாக எழுது என்று மேலே இருந்தவர் சொன்னதும் கெதியாக எழுதியவள். அவளே.

அப்புறம் தராசு ஆடவில்லை. நாலு பேரையும் அவள் தேடிப் போகும்போது, அவர்களின் பட்டியலுக்கு மூன்றாவது பெயரைக் கொடுத்தவளும் அவள்தான். இதைக் காணிக்காரர் கண்டுபிடிக்கிறார், அவருக்குப் பணம் இருக்கிறது, பழைய பைல்களைப் பார்க்க ஆள் இருக்கிறது. விசாரணை அறையில் அவள் கயிற்றைப் பற்றிக் கேட்க, அவர் "மாதிரி" பற்றிக் கேட்கிறார். இந்தக் காட்சி கொழும்பிலிருந்து வந்த எந்தக் கெட்டிக்காரனுக்கும் கிடையாது.

இழப்பதும் இருக்கிறது. ஒன்பது இலட்சத்து எண்பதாயிரத்தின் அத்தியாயம் போகிறது. ஒரு வங்கி முகாமையாளரின் வாயில் இரண்டு வரியாக வைக்கலாம், அவ்வளவுதான். நண்டுக் கறிக் காட்சியும் போகிறது. சி.ஐ.டி. முழுதாக இல்லாமல் போகவில்லை. கோப்பைக் கேட்டுக் கடிதம் வந்துவிட்டது, அடுத்த கிழமை வருகிறார்கள் என்று ஒரு செய்தியாகப் பின்னால் நிற்கிறார்கள். இடமாற்றக் கடிதம் முந்துமா, ரயில் முந்துமா என்று.

கடற்கரையில் முடிவைச் சொன்னேன். மச்சானுக்குப் பிடிக்கவில்லை. "பொலிஸையா கதாநாயகி ஆக்கப் போறாய், இந்த ஊரில் இருந்துகொண்டு?" என்றார். நியாயமான கேள்வி, பதில் சொல்லவில்லை. மேசனின் கதையைச் சொன்னேன். அவர் பிளேன்டீயைக் கீழே வைத்துவிட்டு, "அவனுக்குப் பிள்ளைகள் இருக்கா?" என்று கேட்டார். இரண்டு என்றேன். அதுவரை நான் அதை யோசித்திருக்கவில்லை.

நேற்று முதல் அத்தியாயத்தைத் திரும்பத் தொடங்கினேன். பிணம் இல்லை, படகு இல்லை. பொலிஸ் நிலையத்து மேசை, மேலே ஒரு பழைய மின்விசிறி. எதிரே ஒரு பெண் இருந்து தமிழில் சொல்கிறாள், புதிதாக வந்த எஸ்.ஐ. சிங்களத்தில் எழுதுகிறாள், வெளியே யாரோ ஹோர்ன் அடிக்கிறார்கள்.